ஐஸ்பெட்டிக்குப் பின்னால் பிள்ளைப்பூச்சி

நாம் காலெடுத்து வைத்ததும் நின்றுவிடுகிற சத்தம் ஒன்று உண்டு. அசையாமல் உட்கார்ந்திருக்கும் வரை "கிர்ரீக், கிர்ரீக்" என்று காதைக் குடையும். எங்கிருந்து வருகிறது என்று பார்க்க எழுந்து ஓரடி வைத்தால், யாரோ வாயைப் பொத்தியதுபோல அடங்கிப்போகும். சலித்துப்போய் மறுபடி உட்கார்ந்தால், அதற்கென்றே காத்திருந்ததுபோல மீண்டும் ஆரம்பிக்கும். மலேசியாவில், ஜொகூர் பாருவை ஒட்டிய தம்போயில் நாங்கள் இருந்த வரிசை வீட்டில் அந்தச் சத்தம் சில காலம் எங்களோடு குடியிருந்தது. வாடகை கொடுக்காத குடித்தனம் என்று அம்மா அதைத் திட்டுவார். இப்போது அந்த வசவுக்கும் சேர்த்து ஏங்குகிறேன்.

எல்லாம் ஒரு மீனால் வந்தது. அப்பா கார் மெக்கானிக். அவர் வேலை செய்த ஒர்க்ஷாப்பின் முதலாளி, எங்கள் பேச்சில் "தவுக்கே", ஒரு சீனப் பெரியவர். வீடு மாறிப் போகும்போது தாம் வளர்த்த "கெலிசா" மீனைத் தொட்டியோடு அப்பாவிடம் கொடுத்துவிட்டுப் போனார். வாள்போல நீண்டு, செதிலெல்லாம் செம்பொன்னாக மின்னும் அந்த மீன் இருக்கிற வீட்டுக்கு "ஓங்" வரும், அதாவது அதிர்ஷ்டம் கொட்டும், என்று அவர் சொல்லியிருந்தார். சாமி கும்பிடுவதில்கூட அரைகுறையான அப்பா, தைப்பூசத்துக்கு அம்மாவின் முகத்துக்காக மட்டுமே கோயிலுக்கு வருகிற அப்பா, தவுக்கே சொன்ன இந்த ஒன்றை மட்டும் மறுபேச்சில்லாமல் நம்பினார். வேலை முடிந்து வந்ததும் கை எண்ணெயைக் கழுவுவதற்கு முன்பே தொட்டியின் முன்னால் போய் நின்று மீனை நலம் விசாரிப்பார். எங்களை விசாரிப்பது அதற்குப் பிறகுதான்.

அந்த மீன் உயிருள்ள பூச்சியைத்தான் விரும்பித் தின்னும். பறவை, மீன் விற்கிற கடையில், மலாய்க்காரர்கள் "செங்கெரிக்" என்று சொல்கிற சுவர்க்கோழி வகைப் பழுப்புநிறப் பூச்சிகளை, ஊசியால் துளை போட்ட பிளாஸ்டிக் பையில் அடைத்து, வாயை ரப்பர் வளையத்தால் கட்டித் தருவார்கள். அப்பா அவற்றைப் பழைய வாளியில் விட்டு, ஒளிந்துகொள்ள முட்டை அட்டை ஒன்றை உள்ளே வைத்து, வாளியின் வாய்க்குக் கொசுவலைத் துண்டைக் கட்டிவைப்பார்.

அப்போது எங்களோடு சின்னம்மாவும் இருந்தார். அம்மாவின் ஒரே தங்கை. சித்தப்பாவுக்குச் சிங்கப்பூரில் கப்பல் பட்டறை வேலை. வாரக் கடைசியில்தான் ஜொகூர் பாலத்தைக் கடந்து இந்தப் பக்கம் வருவார். அதனால் எங்கள் முன்னறை அவர்களுடையதாகிவிட்டது. கல்யாணமாகி வெகுகாலமாகியும் சின்னம்மாவுக்குக் குழந்தை இல்லை. அதைப் பற்றி வீட்டில் யாரும் எதுவும் சொன்னதில்லை. சொல்லாமல் இருப்பதையே ஒரு வேலையாகச் செய்துகொண்டிருந்தோம். பக்கத்து வீட்டுக் குழந்தையின் முப்பதாம் நாள் விருந்துக்கு யாராவது அழைக்க வந்தால் அம்மா அவர்களைக் கேட்டுக்கு வெளியிலேயே நிறுத்திப் பேசி அனுப்பிவிடுவார். எங்கள் பக்கத்தில் வீட்டுப் பெண்களை "ஏ புள்ள" என்று கூப்பிடுவது வழக்கம். என் தோழிகளின் அம்மாக்கள் எல்லாரும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். என் அம்மா மட்டும் அந்த வார்த்தையை விழுங்கிவிட்டு என் முழுப் பெயரையும் சொல்லி அழைப்பார். பள்ளிக்கூடத்தில் "பிள்ளைகள்" என்று வருகிற பாட்டை நான்கூட வீட்டில் உரக்கப் படிக்கமாட்டேன். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, தானாக வந்தது.

ஒரு தைப்பூசத்தன்று, கோயிலிலிருந்து வெயிலும் கூட்டமும் தின்ற மிச்சமாகத் திரும்பிவந்து கதவைத் திறந்தால், வீடு முழுக்கக் கச்சேரி. பூச்சிகள் கொசுவலையைக் கடித்துத் துளைபோட்டுவிட்டு, கூடம், சமையலறை, சாமி அறை என்று ஆளுக்கொரு இடம் பார்த்துக் குடியேறியிருந்தன. அம்மா பூச்சி மருந்தை எடுக்க ஓடினார். "அடிக்காதே, மீன் செத்துப்போயிரும்!" என்று அப்பா கத்தினார். அம்மா மருந்து டின்னை வைத்துவிட்டு விளக்குமாற்றை எடுத்து ஓங்கினார். அதுவரை வாசலிலேயே நின்ற சின்னம்மா, அந்த வீட்டில் அதற்குமுன் குரலை உயர்த்தியே அறியாதவர், ஓடிவந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அக்கா, வேணாம்! அது புள்ளப்பூச்சி. அடிக்கக் கூடாது!"

கூடத்தில் பூச்சிகளைத் தவிர எல்லாரும் வாயடைத்துப் போனோம். வாசகர்களில் சிலருக்குப் பிள்ளைப்பூச்சியைத் தெரியாமல் இருக்கலாம். ஈர மண்ணைத் தோண்டிக்கொண்டு போகும், மண்வெட்டிபோல முன்கால் உள்ள சாதுவான பூச்சி அது. அதைக் கொன்றவருக்குப் பிள்ளை பிறக்காது என்று எங்கள் பெரியவர்கள் சொல்லுவார்கள். எங்கள் வீட்டில் ஓடியது அதுவல்ல, மீன்தீனிக்காகப் பண்ணையில் வளர்த்த வேறு பூச்சி. பார்வைக்கு ஒன்றுவிட்ட சொந்தம்போல இருக்கும், அவ்வளவுதான். "இது செங்கெரிக்லா, கடையில..." என்று தொடங்கிய அப்பா, சின்னம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டு மீதியை முழுங்கினார். அம்மா விளக்குமாற்றைச் சுவரோரம் சாய்த்துவைத்தார். பிறகு சமையலறைக்குள் அப்பா அம்மாவிடம், "புள்ளப்பூச்சிக்குக் கொடுக்கு மொளைச்சிருச்சு, பாத்தியா" என்று மெல்லச் சொன்னது எனக்குக் கேட்டது. சாதுவாக இருந்தவர் திடீரென எதிர்த்து நின்றால் சொல்கிற பழமொழிதான். அதிலே கோபம் இல்லை, ஏதோ சந்தோஷம்போலத்தான் இருந்தது.

ஆகவே மருந்தும் அடிக்கக்கூடாது, விளக்குமாறும் படக்கூடாது. மீனுக்காக ஒன்று, பிறக்காத பிள்ளைக்காக ஒன்று. அடுத்த சில வாரங்கள் எங்கள் வீட்டின் முழுநேர வேலை பூச்சிகளை உயிரோடு பிடிப்பதாக ஆயிற்று. ஊறுகாய் பாட்டிலுக்குள் வெள்ளரிக்காய்த் துண்டைப் போட்டு, ஏறுவதற்கு வெளியே காகிதம் ஒட்டி, உள்பக்கக் கழுத்தில் எண்ணெய் தடவி அலமாரிக்கடியில் வைப்போம். ஏறி விழுந்தவை வழுக்கி வழுக்கி உள்ளேயே கிடக்கும். இருட்டு மூலைகளில் முட்டை அட்டையையும் ஈரத்துணியையும் போட்டுவைத்து, காலையில் சட்டென்று தூக்கி வாளிக்குள் உதறுவோம். சாயங்காலம் மின்விசிறியை நிறுத்திவிட்டு ஆளுக்கொரு மூலையில் மூச்சுவிடாமல் நின்று, சத்தம் எந்தப் பக்கம் என்று விரலால் காட்டிக்கொள்வோம். அப்போது எங்கள் வீட்டுக்கு வந்த தபால்காரர், உள்ளே எல்லாரும் சிலைபோல நிற்பதைப் பார்த்துவிட்டுக் கூப்பிடாமலே கடிதத்தைக் கேட்டில் செருகிவிட்டுப் போனார். தீபாவளிச் சேலையில் பூச்சி கடித்த ஓட்டையைக் கண்டுபிடித்த நாளில் மட்டும் அம்மா, "புள்ளப்பூச்சியை மடியில கட்டிக்கிட்ட கதையாப் போச்சு" என்று வாய்விட்டுப் புலம்பினார்.

பிடித்ததை என்ன செய்வது என்பதில்தான் சிக்கல் வந்தது. சின்னம்மா வாளியை எடுத்துக்கொண்டு பின்கட்டுக்குப் போய், பெரிய சாக்கடைக்கு அந்தப் பக்கம் லாலான் புல்லில் கவிழ்த்துவிட்டு வந்தார். "மீனுக்கு வாங்குனதுலா அது" என்றார் அப்பா. சின்னம்மா தரையைப் பார்த்துக்கொண்டே, "அத்தான், நீங்க இத்தன நாளாப் போட்டத நான் ஒண்ணும் கேக்கல. என் கையால புடிச்சத மட்டும் அதுக்குக் குடுக்க மாட்டேன்" என்றார். மறுநாள் அப்பா சந்தையிலிருந்து இறால் வாங்கிவந்து தொட்டியில் போட்டார். மீனுக்கு இப்போது இறால்தான் பிடிக்கிறது என்று அவர் அறிவிக்க, "ஆமா, உங்க காதுல வந்து சொல்லிச்சாக்கும்" என்றார் அம்மா. அதற்குப் பிறகு அந்த மீன் பூச்சியைக் கண்ணால் பார்க்கவில்லை.

கடைசியில் ஒன்றே ஒன்று அகப்படாமல் நின்றது. அது "ஐஸ்பெட்டி", அதாவது குளிர்சாதனப் பெட்டிக்குப் பின்னால், மோட்டாரின் கதகதப்பில் குடியேறி, பொழுது சாயத் தொடங்கியதும் பாட ஆரம்பிக்கும். அதைப் பிடிக்கச் சின்னம்மா விடவில்லை. சாயங்காலமானால் ஒரு பலகையைப் போட்டு ஐஸ்பெட்டிக்கு முதுகு காட்டி உட்கார்ந்து, நெத்திலியின் தலையைக் கிள்ளிக்கொண்டே கேட்டுக்கொண்டிருப்பார். வெள்ளரித் துண்டை அடியில் தள்ளிவிடுவது என் பொறுப்பு. மெல்ல மெல்ல அது வீட்டு ஆளாகிவிட்டது. "புள்ளப்பூச்சி சாப்புட்டுச்சா?" என்று வேலையிலிருந்து வந்ததும் அப்பா கேட்பார். "புள்ள இன்னும் தூங்குது, சத்தம் போடாதீங்க" என்று அம்மா சொல்வார். பூச்சி என்பது உதிர்ந்து, பிள்ளை மட்டும் எங்கள் நாக்கில் தங்கிவிட்டதை நாங்கள் யாரும் கவனிக்கவில்லை.

அந்த நாட்களில் சின்னம்மாவும் சித்தப்பாவும் ஜொகூர் பாருவில் ஒரு டாக்டரிடம் போய்வந்துகொண்டிருந்தார்கள். ஒருநாள் திரும்பி வந்ததும் சின்னம்மா நேராக முன்னறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். சித்தப்பா அப்பாவைப் பார்த்துத் தலையை மட்டும் ஆட்டினார். இனி வழியில்லை என்பது எனக்கே புரிந்தது. அன்று சாயங்காலம் ஐஸ்பெட்டிக்குப் பின்னாலும் சத்தம் இல்லை. அந்தப் பூச்சிக்கு ஆயுசே அவ்வளவுதான் என்று இப்போது தெரியும். அன்றைக்கு, எல்லாம் சேர்ந்து முடிந்துபோனதாகத் தோன்றியது. மறுநாளும் சின்னம்மா வந்து பலகையில் உட்கார்ந்தார். நெத்திலி இல்லை, கையில் எந்த வேலையும் இல்லை. சத்தம் வரும் என்று காத்திருந்துவிட்டு இருட்டியதும் எழுந்து போனார்.

அதற்கடுத்த நாள் மாலை, பலகையில் அவர் உட்கார்ந்திருக்கும்போதே, ஐஸ்பெட்டிக்குப் பின்னாலிருந்து "கிர்ரீக்" என்றது. சின்னம்மாவின் தலை நிமிர்ந்தது. "அலமாக்! இன்னும் ஒண்ணு தப்பிச்சிருக்குலா!" என்று அப்பா ஊருக்கே கேட்கிறாற்போலக் கூவினார். சின்னம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தார், அழுதார். நான் வெளியே செருப்பை எடுக்கப் போனபோது, அப்பாவின் மோட்டார் சைக்கிள் கூடைக்குள் ஊசித்துளை போட்ட காலிப் பிளாஸ்டிக் பையும் ரப்பர் வளையமும் கிடந்தன. பையைக் கசக்கிக் குப்பையில் போட்டேன். அதன்பிறகும் சத்தம் ஓய்கிறபோதெல்லாம், "இன்னும் ஒண்ணு" எங்கிருந்தோ தப்பித்து வந்துகொண்டேயிருந்தது.

பிள்ளை பிறக்கவில்லை. தவுக்கே சொன்ன "ஓங்"கும் வந்ததாகத் தெரியவில்லை. சித்தப்பா ஓய்வு பெற்றதும் அவர்கள் சாஆ என்கிற சிற்றூருக்கே, அம்மாவும் சின்னம்மாவும் பிறந்த எஸ்டேட்டுக்குப் பக்கத்திலேயே, போய்விட்டார்கள். மீன் போனது, சில வருடங்கள் கழித்து அப்பாவும் போனார். தம்போய் வீட்டை விற்றுவிட்டோம்.

இந்த வருடம் சாஆவுக்குப் போயிருந்தபோது, இத்தனை காலம் உள்ளே வைத்திருந்ததைச் சின்னம்மாவிடம் சொல்லிவிட்டேன். அது தப்பித்த பூச்சி இல்லை, அப்பா கடையில் வாங்கிவந்து விட்டது என்றேன். சின்னம்மா சிரித்தார்.

"தெரியும்லா. ஒவ்வொண்ணுக்கும் சத்தம் வேற வேற. பக்கத்துலயே உக்காந்து கேட்டவளுக்குத் தெரியாதா? எஸ்டேட்ல மண்ணுல வெளையாண்டவ நான். புள்ளப்பூச்சி எது, கடையில விக்கிறது எதுன்னுமா தெரியாது?"

"பெறகு ஏன் சின்னம்மா அப்படிச் சொன்னீங்க?"

அவர் என் கையை எடுத்துத் தடவினார். "அந்த வீட்டுல என் காதுபட யாரும் அந்த வார்த்தையச் சொல்ல மாட்டீங்க. என் மேல உள்ள பாசத்துலதான். ஆனா வீடே ஊமையாட்டம் இருந்துச்சு. அன்னிக்கு எப்புடியோ என் வாயிலேயே வந்துருச்சு. அப்புறம் நீங்க எல்லாரும் நாள் முழுக்கச் சொன்னீங்க. புள்ள சாப்புட்டுச்சா, புள்ள தூங்குதான்னு. உங்கப்பாகூட வேலைக்குப் போயிட்டு வந்து கேப்பாரு." பிறகு, "கேக்க நல்லா இருந்துச்சுடி, புள்ள" என்றார்.

ஜொகூர் பாருவுக்கு நான் திரும்பியபோது பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. எங்கள் அடுக்குமாடி வீட்டில் ஐஸ்பெட்டியை அலமாரிக்குள் பொருத்தி வைத்திருக்கிறோம், பின்னால் விரல் நுழைய இடமில்லை. பூச்சி மருந்து அடிக்கிறவர் தவறாமல் வந்துபோகிறார். விளக்கைப் போடாமல் சமையலறை வாசலில் நின்றேன். மனசு அப்பாவை அந்த நிமிடத்தில் அவ்வளவு தேடியது. பிறகு மெதுவாக ஓரடி எடுத்து வைத்தேன். நின்றுபோவதற்கு அங்கே ஒரு சத்தமும் இல்லை.