ஐந்தாம் எதிரி

உடற்தகுதித் தேர்வுக்காக நான் ஓடிப் பழகியது உப்பளங்களுக்கு நடுவே போகும் மண்சாலையில். விடியும் நேரத்தில் பாத்திகளில் நீர் அசையாமல் கிடக்கும். வானம் கீழேயும் இருக்கும். தூரத்தில் துறைமுகத்துக் கிரேன்கள் காலில்லாமல் பனியில் மிதக்கும். நானூறு மீட்டர் முடியும் இடத்தில் ஒரு கல்லுக்குச் சுண்ணாம்பு அடித்து வைத்திருந்தேன். நிற்க மறந்து அதைத் தாண்டியும் பல நாள் ஓடியிருக்கிறேன்.

நான் எலக்ட்ரானிக்ஸ் படித்தவள். காவல்துறையின் தொழில்நுட்பப் பிரிவில், வயர்லெஸ் வேலைக்கான உதவி ஆய்வாளர் பதவிக்கு விண்ணப்பித்திருந்தேன். எழுத்துத் தேர்வு, உடற்தகுதி, நேர்காணல் என்று நோட்டில் வரிசையாக எழுதி ஒவ்வொன்றாக டிக் அடித்துவந்தேன். மிச்சமிருந்தது முன்நடத்தை விசாரணை மட்டும். உங்கள்மீது எப்போதாவது குற்ற வழக்கு இருந்ததா என்று படிவத்தில் கேட்டிருந்தார்கள். 'ஆம்' என்று எழுதி, வழக்கு எண்ணையும் 'விடுதலை' என்பதையும் சேர்த்தேன். மறைத்தால் அதற்காகவே நீக்குவார்கள். தவிர, விடுதலை ஆனவளுக்கு என்ன பயம் என்றும் நினைத்தேன்.

வழக்கு இதுதான். நான் கல்லூரியில் மூன்றாம் ஆண்டு படித்தபோது, வலை உலர்த்தும் இடத்துக்காக அம்மாவுக்கும் பக்கத்து வீட்டு மாமிக்கும் சண்டை வந்தது. தள்ளுமுள்ளில் மாமி விழுந்து மணிக்கட்டு முறிந்தது. போலீஸில் புகார் கொடுத்தாள். எங்கள் தெருவில் ஒரு வீட்டின்மீது புகார் கொடுத்தால் அந்த வீட்டில் இருக்கிற எல்லார் பெயரையும் எழுதுவார்கள், கல்யாணப் பத்திரிகை மாதிரி. ஒருவரை விட்டால் கோபம் முழுசாக இல்லை என்று அர்த்தம். அன்றைக்கு முழுவதும் நான் கல்லூரி ஆய்வகத்தில் இருந்தேன். ஆனாலும் குற்றம் சாட்டப்பட்டவர்கள் வரிசையில் ஐந்தாம் எதிரி நான்தான்.

வழக்கு விசாரணைக்கு வருவதற்குள் இரண்டு வருடம் ஓடிவிட்டது. அதற்குள் இரண்டு வீடும் சமாதானமாகி, அண்ணன் குழந்தைக்கு மாமியே ஞானத்தாய் ஆகியிருந்தாள். சாட்சி சொல்லும் நாளில் எல்லாரும் ஒரே ஆட்டோவில் நீதிமன்றத்துக்குப் போனோம். ஆய்வக வருகைப் பதிவேட்டின் நகலை நான் கொண்டுபோயிருந்தேன். எங்கள் வக்கீல் அதைப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார்.

"இத உள்ள வைம்மா. மாமி ஒண்ணும் தெரியாதுன்னு சொல்லிருவாவ. அஞ்சு நிமிசத்துல முடிஞ்சிரும்."

மாமி கூண்டில் ஏறினாள்.

"நானா வழுக்கி விழுந்தேன்யா. யாரும் தள்ளல. கடக்கர மண்ணு யாரத்தான் வழுக்கல?"

யாரோ சிரித்தார்கள். மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. எல்லாம் தண்ணீருக்கு அடியிலிருந்து கேட்பதுபோல எனக்குக் கேட்டது. கொடுத்த புகாரைத் தானே மறுத்ததால் மாமியைப் பிறழ் சாட்சி என்று எழுதிக்கொண்டார்கள். எங்கள் ஐந்து பேருக்கும் விடுதலை. திரும்பும் வழியில் மாமி எல்லாருக்கும் சர்பத் வாங்கிக் கொடுத்தாள்.

தேர்வு வாரியத்தின் கடிதம் ஒரு பிற்பகலில் வந்தது. அம்மாவும் மாமியும் வாசலில் உட்கார்ந்து இறால் உரித்துக்கொண்டிருந்தார்கள்.

"என்னளா போட்டிருக்கு? எப்பம் சேரணும்?" என்றாள் மாமி.

"எடுக்கல மாமி."

கடிதத்தில் இருந்ததை எளிதாக்கிச் சொன்னேன். சாட்சி பிறழ்ந்ததால் கிடைத்த விடுதலையும் குற்றமற்றவள் என்று நிரூபித்துப் பெற்ற விடுதலையும் ஒன்றல்ல. விதிப்படி நான் குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவள்தான்.

மாமிக்கு முகம் வெளுத்துவிட்டது. "உங்கள காப்பாத்தணும்னுல்லா அப்பிடிச் சொன்னேன்?"

"நல்லாக் காப்பாத்துனிய! மொதல்ல இவ பேர எதுக்கு எழுதுனிய மைனி?" என்றாள் அம்மா.

"நீங்க குடுத்திருந்தா எம்மவ பேர விட்டிருப்பியளா?"

அம்மா கையிலிருந்த இறாலைப் பார்த்தபடி யோசித்தாள். "விட்டிருக்க மாட்டேன்தான்" என்றாள்.

மதுரையில் ஒரு வக்கீலிடம் தொலைபேசியில் பேசினேன். உயர் நீதிமன்றத்தில் மனு போடலாம், ஆனால் உறுதி சொல்ல முடியாது என்றார். அவர் கேட்டவை: தீர்ப்பின் நகல், வாரியத்தின் கடிதம், வருகைப் பதிவேட்டின் நகல். அவற்றோடு, சண்டை நடந்த இடத்தில் நான் இல்லவே இல்லை என்று புகார் கொடுத்தவரே சத்தியம் செய்து எழுதிக் கொடுத்தால் மனுவுக்குப் பலம் கூடுமாம்.

மாமியிடம் சொன்னேன்.

"எழுதுளா, கையெழுத்துப் போடுதேன்."

"பொய்ப் புகார் குடுத்ததா உங்க மேலயே கேஸ் திரும்பலாம் மாமி."

மாமி சிரித்தாள். "எம்மேல கேஸு இருந்தா என்னளா? நா என்ன போலீசுல சேரவா போறேன்?"

அம்மாவும் சிரித்துவிட்டாள். நானும்.

ஆனாலும் அந்தத் தாளை இன்னும் எழுதவில்லை. மற்ற மூன்றையும் மதுரைக்கு அனுப்பிவிட்டேன். வக்கீல் இரண்டு முறை கேட்டுவிட்டார். முதலில் அது இல்லாமலே பார்ப்போம் என்றேன். மாமி கேட்கும்போதெல்லாம், வக்கீல் இன்னும் எழுதி அனுப்பவில்லை என்கிறேன். வயது வரம்பு முடிய எனக்கு இன்னும் பதினான்கு மாதம் இருக்கிறது.