பதினொரு நிமிடப் படம்

நான் பிறவியிலேயே பயந்தாங்கொள்ளி. ஜெர்மனியில், ஹம்பேர்க் நகரில் பிறந்து வளர்ந்தும், ரயிலில் பரிசோதகரைக் கண்டால் பயணச்சீட்டு கையில் இருக்கும்போதே எனக்கு வியர்க்கும். அப்படிப்பட்ட நான் ஒரு ஜப்பானிய அனிமேஷன் இயக்குநருக்கு மொழிபெயர்ப்பாளராக நிற்க ஒப்புக்கொண்டது சுத்த மடைத்தனம்.

அவரை ஜப்பானிலேயே பலருக்குத் தெரியாது. வாழ்நாளெல்லாம் மற்றவர்களின் தொலைக்காட்சித் தொடர்களுக்கு வரைந்து வயிறு வளர்த்தவர். சொந்தமாக இயக்கியவை ஐந்தே ஐந்து குறும்படங்கள். பல்கலைக்கழகத்தில் ஜப்பானிய மொழி படித்த நான் அவரைப் பற்றித்தான் ஆய்வு எழுதினேன். ஆறாவதாக, பதினொரு நிமிடப் படம் ஒன்றையும் கண்டுபிடித்தேன். அதில் இயக்குநர் என்று இருந்தது யாருக்கும் தெரியாத ஒரு பெயர். ஆனால் மழையில் நனைந்த துணியை அவர் வரையும் விதம் எனக்கு அத்துப்படி. ஒரு நிறுவனத்தில் ஒப்பந்தத்தில் இருப்பவர்கள் இன்னொன்றுக்குப் புனைபெயரில் படம் செய்வது அந்தத் தொழிலில் நடப்பதுதான். ஒருவரிடமும் கேட்காமல், அவருடைய படங்களைத் திரையிடவிருந்த எங்கள் ஊர்த் திரையரங்குக்கு நான் எழுதிய நிகழ்ச்சித்தாளில், அந்தப் படத்தின் காட்சியோடு அவருடைய பெயரைப் போட்டுவிட்டேன்.

தாள் அச்சாகி வந்த பிறகுதான் பயம் பிடித்தது. மனிதர் ஒளித்து வைத்ததை நான் ஊரறியக் காட்டிக்கொடுத்துவிட்டேனே! இரண்டு நாள் சோறு இறங்கவில்லை.

"அவருக்கு ஜெர்மன் தெரியாதெல்லே. அந்த இடத்தை விட்டிட்டு வாசியுமன், ஆருக்குத் தெரியப்போகுது?" என்றார் கணவர்.

"ஓம், அப்பிடித்தான் செய்யப்போறன்" என்றேன்.

திரையிடலுக்கு முன் இயக்குநர் தாளை என்னிடம் நீட்டினார். அவருடைய விரல் நேராக ஆறாவது படத்தின் காட்சியில் போய் நின்றது.

"இதை மட்டும் வாசியுங்கள்" என்றார் ஜப்பானிய மொழியில்.

விட்டுவிட்டு வாசிக்க வழியில்லை. அவருடைய பெயரையும் சேர்த்து ஜப்பானிய மொழியில் வாசித்தேன்.

"இது என்னுடையது அல்ல. என் மனைவி இயக்கியது. அவள் செய்தது இது ஒன்றுதான்."

மன்னிப்புக் கேட்டேன். அவர் கோபப்பட்டிருந்தால் தாங்கியிருப்பேன்.

"என் குடும்பப் பெயரைப் போட்டால் நான் செய்ததாகச் சொல்வார்கள் என்றுதான் வேறு பெயர் வைத்தாள். அப்படியும் என் கைதான் தெரிகிறது என்றார்கள். அதோடு வரைவதை விட்டுவிட்டாள்" என்றார்.

பிறகு தாளை மடித்தார். "போன வாரம் திரையரங்கு இதை மின்னஞ்சலில் அனுப்பியது. தன் படத்தின் காட்சியைக் கண்டதும் அவளுக்குச் சந்தோஷம். ஜெர்மனியில் தன்னைப் பற்றி என்ன எழுதியிருக்கிறார்கள் என்று கேட்டு வரச் சொன்னாள்."

அதற்கு மேல் என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. இதுவரை பட்டதெல்லாம் பயமே இல்லை என்று தோன்றியது. அவருடைய மனைவியின் பெயரைக் கேட்டேன். கதவு திறக்க இருபது நிமிடம் இருந்தது. மேசையில் இருந்த தாள்களை எடுத்து ஒவ்வொன்றிலும் அந்தப் படத்துக்குப் போட்டிருந்த அவருடைய பெயரைப் பேனாவால் வெட்டி, மேலே அவளுடைய பெயரை எழுதினேன். அவசரத்தில் எழுத்து கோணலாக விழுந்தது. நனைந்த துணியைப் பற்றி நான் வாய் நிறையப் புகழ்ந்து எழுதியதில் வேறு ஒரு சொல்லைக்கூட மாற்ற வேண்டியிருக்கவில்லை.