அம்மா வேண்டாம் என்ற மோட்சம்

எங்கள் அம்மா இறைவனிடம் சேர்ந்து ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரில் அண்ணன் எழுதுவதாக இருந்தது. "நீதான் கூட இருந்த, நீயே எழுது" என்று சொல்லிவிட்டார். எனக்கு நாலு பேர் முன்னால் பேச வராது. ஐந்தாம் படிவத்தோடு படிப்பும் நின்றது. தெரிந்ததை எழுதுகிறேன்.

அம்மா கிள்ளானுக்கு வெளியே ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தார். ரயில்வேயில் வேலை பார்த்த அப்பாவை மணந்து பிரிக்பீல்ட்ஸ் குவார்ட்டர்ஸுக்கு வந்தார். அண்ணனுக்கும் எனக்கும் முன்னால் அவருக்கு ஒரு பெண் குழந்தை பிறந்தது உங்களில் பலருக்குத் தெரியாது. குறைமாதத்தில் வீட்டிலேயே பிறந்தது. அப்பா சைக்கிளில் போய்ச் சுவாமியாரை அழைத்து வருவதற்குள் மூச்சு அடங்கிவிட்டது. ஆபத்தில் யார் வேண்டுமானாலும் தண்ணீர் ஊற்றி ஞானஸ்நானம் கொடுக்கலாம் என்பது அங்கிருந்த ஒருவருக்கும் தெரியவில்லை. அடுப்படியில் வாளி நிறையத் தண்ணீர் இருந்தது.

ஜென்ம பாவம் கழுவப்படாத பிள்ளை மோட்சத்துக்குப் போகாது என்று சுவாமியார் சொன்னார். நரகமும் இல்லையாம். லிம்போ என்று ஓர் இடம். அங்கே நெருப்பு இல்லை, வலி இல்லை, கடவுளின் முகமும் இல்லை. குழந்தையைக் கல்லறை வேலிக்கு வெளியே, மந்திரிக்காத மண்ணில் புதைத்தார்கள்.

அம்மா ஒன்றுதான் கேட்டாராம். "அங்க புள்ளைய யாரு சாமி தூக்கி வெச்சிருப்பாங்க?"



நான் பள்ளியில் படிக்கும்போதே அப்பா தவறிவிட்டார். அம்மா எங்களைக் கிள்ளானுக்குக் கூட்டி வந்து, பள்ளிச் சீருடை தைத்து வளர்த்தார். ஞாயிறு பூசையைத் தவறவிட்டதில்லை. தெருவில் யாருக்குப் பிரசவம் என்றாலும், எந்த மதத்தவரானாலும், போய் நிற்பார். குழந்தையின் அழுகை கேட்ட பிறகுதான் வீடு திரும்புவார்.

இதயம் தளர்ந்து, இனி வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று டாக்டர் சொன்னபோது, எண்ணெய் பூசிச் செபிக்கும் நோயில் பூசுதல் என்ற அருட்சாதனத்தைக் கொடுக்க அண்ணன் எங்கள் பங்கு ஃபாதரை அழைத்து வந்தார்.

"எண்ணெய் வேணாம் ஃபாதர்," என்றார் அம்மா. "பூசுனா மோட்சத்துக்குப் போயிருவேன். எம்புள்ள அங்க இல்ல."

"ஃபாதர் டிராஃபிக் ஜேம்ல மாட்டி வந்திருக்காரு லா. வம்பு பண்ணாதீங்கம்மா," என்றார் அண்ணன்.

"நீ சும்மா இருடா. உன் தலையில தண்ணி ஊத்தியாச்சு."

ஃபாதர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "ஆதாமோட பாவம் பொறக்குற ஒவ்வொரு புள்ளைக்கும் ஒட்டியே வருதுன்னு அந்தக் காலத்துல பெரிய ஆயர்கள் எழுதுனாங்கம்மா. அதுபடி பார்த்தா, ஞானஸ்நானம் இல்லாத பச்சப்புள்ளயும் நரகத்துக்குத்தான் போகணும். பின்னால வந்தவங்களுக்கு மனசு கேக்கல. அதான் நெருப்பு இல்லாத ஒரு எடத்தைச் சொன்னாங்க. அத நம்பியே ஆகணும்னு திருச்சபை எப்பவும் சொன்னதில்ல. இப்ப, கடவுளோட இரக்கத்துல விட்டுடுங்கன்னு சொல்லுது."

"அப்ப அந்த எடம் இல்லையா?"

"இருக்குன்னு இப்ப யாரும் போதிக்கிறதில்லம்மா."

"அங்க இருந்த புள்ளைங்கள்லாம் எங்க போச்சு?"

"கடவுள்கிட்ட இருக்காங்கன்னு நம்புறோம்."

"நம்புறீங்களா, தெரியுமா?"

"நம்புறோம்மா."

"அப்ப தெரியல," என்று அம்மா சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். ஃபாதர் எண்ணெய்ச் சிமிழை மூடி எடுத்துக்கொண்டு போனார்.

மறுநாள் மத்தியானம் கஞ்சி கொண்டு போனேன். அம்மா இடது கையை மடக்கிப் படுத்திருந்தார். "ஃபேன கொறச்சி வை," என்றார் மெதுவாக. "அந்த எடத்த மூடிட்டாங்கல்ல, அதான் இங்க வந்துட்டா."

அதன் பிறகு அந்தக் கையை நீட்டவே இல்லை. மரத்துப் போச்சு என்பார், ஆனாலும் நீட்ட மாட்டார். உடம்பு துடைக்கும்போது பார்த்தேன். கை கால் எல்லாம் சில்லென்று இருந்தன. முழங்கை மடிப்பு மட்டும் வெதுவெதுப்பாக, வியர்த்து, சிவந்து இருந்தது. கைக்குழந்தை வெகு நேரம் தலை வைத்துப் படுத்தால் அப்படிச் சிவக்கும். அண்ணனை அழைத்துத் தொடச் சொன்னேன். தொட்டவர் வெளியே போய்க் காரைக் கழுவ ஆரம்பித்தார்.

உடல்நிலை மோசமானபோது அம்மாவே சொன்னார். "ஃபாதரக் கூப்பிடு. நான் போய்ட்டா இவ இந்த வீட்டுல தனியா கெடப்பா."

ஃபாதர் வந்து சிமிழைத் திறந்ததும், "மொதல்ல இவளுக்கு," என்றார் அம்மா.

ஃபாதர் அந்த மடங்கிய கையைப் பார்த்தார். இறந்தவர்களுக்கு அந்த அருட்சாதனம் கிடையாது என்று பின்னால் என்னிடம் சொன்னார். அதனால் அவர் எண்ணெயைத் தொடவில்லை. கட்டைவிரலால் காற்றில் ஒரு சிலுவை போடப் போனார்.

"இன்னும் கீழ ஃபாதர். நெத்தி இங்க இருக்கு."

ஃபாதர் விரலை இறக்கினார். அம்மாவின் கையைத் தொடுவதற்குச் சற்று மேலேயே அது நின்றுவிட்டது. அங்கேயே சிலுவை வரைந்தார். அதன் பிறகுதான் அம்மா தன் நெற்றியைக் காட்டினார். மறுநாள் காலை அமைதியாக உயிர் பிரிந்தது.

இரண்டு முறையும் சலிக்காமல் வந்த ஃபாதருக்கும், கஞ்சி வைத்துக் கொடுத்த பக்கத்து வீட்டு ஆன்டிக்கும், சுங்கை பூலோவிலிருந்து தினமும் வந்து போன அண்ணன் குடும்பத்தாருக்கும், செபிக்க வந்த அன்பியக் குழுவினருக்கும் எங்கள் நன்றி. சவப்பெட்டிக் கடைக்காரர்கள் அம்மாவின் இடது கையை நேராக்கப் பார்த்தார்கள், முடியவில்லை. "விட்டுடுங்க பாஸ்," என்றார் அண்ணன். ஏன் என்று கேட்காமல், அந்தப் பக்கம் கொஞ்சம் இடம் விட்டுப் பெட்டியை மூடிய அவர்களுக்கும் நன்றி.