தமிழில் சொல்லாத தீர்ப்பு

பிற்பகல் இரண்டு இருபது. ஜார்ஜ் டவுன் நீதிமன்றத்தின் சுவர்க் கடிகாரம் இன்னும் என் கண்ணுக்குள் நிற்கிறது. அன்று நான் தமிழ் மொழிபெயர்ப்பாளர். கூண்டில் நின்றவன் பிறை என்ற ஊரில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்தவன், வயது இருபத்து மூன்று. போதைப்பொருள் கடத்தல் வழக்கு. அப்போது அதற்குத் தூக்கு மட்டுமே. நீதிபதி மலாய் மொழியில் சொன்னதை, கூண்டருகே நின்று அவனுக்கு மட்டும் கேட்கும்படி நான் தமிழில் சொன்னேன். அவர் ‘நான்’ என்றால் நானும் ‘நான்’ என்றே சொல்ல வேண்டும். அரசாங்கம் ஓர் உயிரை எடுக்கத் தீர்மானித்தபோது, அதன் தமிழ்க் குரல் என்னுடையதாக இருந்தது. “சரிக்கா” என்றான் அவன், வழி கேட்டுத் தெரிந்துகொண்டவனைப் போல.

வெளியே தாழ்வாரத்தில் அவனுடைய அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். ஜெலுத்தோங் சந்தையில் மீன் வெட்டும் கை, ஈரமில்லாமலே குளிர்ந்திருந்தது. “ஜட்ஜு என்னம்மா சொன்னாரு?” வெயில் தண்ணீருக்கடியில் தெரிவதுபோல் தரையில் அசைந்துகொண்டிருந்தது. என் மகனுக்கு அப்போது பதினொரு வயது. “அப்பீல் இருக்கும்மா, இன்னும் ஒண்ணும் முடியல” என்று சொல்லிவிட்டு நடந்தேன். ‘தூக்கு’ என்ற அந்த ஒரு சொல்லை யாரோ ஓர் அந்நியர் அவரிடம் சொல்லும்படி விட்டுவிட்டேன்.

பிறகு ஒருமுறை தீபாவளி நெருக்கத்தில் அவரை லிட்டில் இந்தியா கடைத்தெருவில் பார்த்தேன். ஒரு சட்டையை வெளிச்சத்தில் விரித்துப் பார்த்தபடி, “ஒரு சைஸ் சின்னதா குடுங்கண்ணே, பையன் எளச்சுட்டான்” என்றார் கடைக்காரரிடம். அதற்குள் அவனுடைய மேல்முறையீடுகள் தள்ளுபடியாகியிருந்தன. நான் அடுத்த கடைக்குள் ஒளிந்துகொண்டேன்.

கட்டாயத் தூக்குச் சட்டம் நீங்கியபின் பழைய தண்டனைகளை மறுபடி விசாரித்தார்கள். அவனுடைய முறை போன வாரம் வந்தது. இப்போது என் மகனுக்கு இருபத்து மூன்று. அவனும் பிறையில்தான் வேலை செய்கிறான். வீடு திரும்பும் அவனுடைய மோட்டார் சைக்கிள் சத்தம் பத்து நிமிடம் தாமதித்தால் வாசலுக்குப் போய் நிற்கிறேன். விசாரணை நாளில் விடுப்பு எடுத்துக்கொண்டு, மின்விசிறி சுற்றுவதைப் பார்த்தபடி வீட்டில் கிடந்தேன்.

மறுநாள் மாலை கதவைத் தட்டியவர் அந்த அம்மா. சந்தையில் விசாரித்து வந்தாராம்.

“தூக்குக் கயிறு இல்லன்னுட்டாங்கம்மா. முப்பது வருஷம் உள்ள. உசுரோட இருப்பான்.”

அன்று உண்மையைச் சொல்லாமல் போனதற்கு மன்னிப்புக் கேட்டேன். அவர் என்னை வியப்போடு பார்த்தார்.

“என்னாம்மா நீங்க! இத்தன வருஷம் மீன் பாசார்ல நிக்கிறேன், எனக்கு மலாய் தெரியாதா லா? ஜட்ஜு சொன்னப்பவே புரிஞ்சிருச்சு. தமிழ்ல வேற மாதிரி வருமான்னுதான் உங்கள கேட்டேன்.”