திருத்தணி உண்டியலுக்குப் போன எலும்புத் தகடு

திருத்தணிக்கு எல்லாரும் முருகனிடம் ஏதாவது கேட்கப் போவார்கள். எண்பதுகளின் தொடக்கத்தில், ஓர் ஆடிச் செவ்வாயன்று, நான் போனது முருகனுக்கு வரவேண்டியதை வழிமறிக்க.

அப்போது சென்னையில் ஓர் ஆய்வுக்கூடத்தில் உலோகம் சோதிக்கும் வேலை எனக்கு. உடைந்த எலும்பைச் சேர்த்துப் பிடிக்க உள்ளூர் எஃகில் தகடு செய்திருந்தோம். உப்புநீரில் ஊறவைத்தாயிற்று, இயந்திரத்தில் வளைத்து வளைத்துப் பார்த்தாயிற்று. ஆனால் மனித உடம்புக்குள் இருந்துவிட்டு வந்த தகட்டில் துருவோ அரிப்போ இல்லை என்று காட்டினால்தான் அடுத்தவர்களுக்கு வைக்க விடுவார்கள். எலும்பு கூடியபின் முதலில் வெளியே எடுத்தது அம்மையார்குப்பத்து நெசவாளி தாமோதரனின் தொடைத் தகடு. ஆசையாகக் கேட்டாரென்று ஆஸ்பத்திரி வார்டில் யாரோ அவர் கையிலேயே கொடுத்துவிட்டார்கள். கால் குணமானால் வெள்ளியில் கால் வாங்கி உண்டியலில் போடுவது வழக்கம். இவர் ஆடிச் செவ்வாயன்று தகட்டையே போடுவதாக டாக்டரிடம் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி மாளாது.

காலை ஆறு மணி ரயில். அரக்கோணத்தில் மாறி எட்டரைக்குத் திருத்தணி. அடிவாரத்துக்கு ஜட்கா, இரண்டு ரூபாய்.

"இன்னாம்மா அவசரம்? சாமி எங்க ஓடிடப் போறாரு?" என்றார் வண்டிக்காரர்.

"சாமி ஓடாது, தகடு ஓடிடும்" என்றேன். அவர் குதிரையைத் தட்டி விரட்டினார்.

நல்லவேளை, படிக்கட்டின் தொடக்கத்திலேயே தாமோதரனும் மனைவி நாகம்மாவும் கற்பூரம் வாங்கிக்கொண்டிருந்தார்கள். மஞ்சள் துணியைப் பிரித்துத் தகட்டைக் காட்டினார். கண்ணாடி மாதிரி பளபளத்தது.

"புளியும் சாம்பலும் போட்டுத் தேச்சேங்க" என்றார் நாகம்மா பெருமையாக. "சாமிக்குக் குடுக்கறத அழுக்கா குடுக்கலாமா?"

அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டேன். நான் தேடி வந்த தடயம் முழுக்கச் சாம்பலோடு போயிருந்தது. விஷயத்தைச் சொன்னதும் தாமோதரன் முகம் வாடியது. "அப்போ என்ன மாதிரி ஆளுங்களுக்கு வைக்க மாட்டாங்களா?"

சட்டென்று நினைவு வந்தது. "இதை முடுக்கியிருந்த ஸ்குரூவெல்லாம் எங்கே?"

"அதுங்களா? பொடிசா இருக்குது, சாமிக்கு நல்லா இருக்காதுன்னு தேய்க்கவேயில்ல." நாகம்மா சுருக்குப்பையிலிருந்து ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்தார்.

அரிப்பு முதலில் பிடிப்பதே ஸ்குரூத் தலைக்கு அடியில், தகட்டோடு உரசும் இடத்தில்தான். பையிலிருந்த பூதக்கண்ணாடியை வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்தேன். உரசிய வளையம் மங்கலாகத் தெரிந்தது. குழி இல்லை, துரு இல்லை. நாகம்மாவைக் கட்டிக்கொண்டேன். அவர் கூச்சத்தில் நெளிந்தார்.

"அப்ப தகடு சாமிக்குத்தானே?" என்றார் தாமோதரன்.

"தாராளமா."

மூவரும் ஏறினோம். பாதி வழியில் எனக்கு மூச்சு வாங்கியது. மேலிருந்து தாமோதரன் திரும்பிப் பார்த்தார். "மெதுவா வாங்க மேடம். கால்ல எதனா தொந்தரவா?" மேலே போய்ச் சேர்ந்ததும் உண்டியலில் தகடு டங்கென்று விழுந்தது. வயிறு வலிக்கச் சிரித்தோம்.

ஸ்குரூக்களை ஆய்வுக்கூடத்துக்குக் கொண்டுபோனேன். நுண்ணோக்கியும் பூதக்கண்ணாடி சொன்னதையே சொன்னது. தகட்டுக்கு அனுமதி கிடைத்தது. எடுத்த தகட்டைப் புளி போட்டுத் தேய்க்கக் கூடாது என்று வார்டில் எழுதி ஒட்டினோம்.

போகிறவர்களுக்கு: வெயிலுக்கு முன் ஏறிவிடுங்கள், தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள், கிருத்திகைக் கூட்டத்தைத் தவிருங்கள். படியில் வயதானவர் யாராவது உங்களை முந்திப் போனால் வருத்தப்படாதீர்கள். தொடையில் எங்கள் தகடு இருந்தாலும் இருக்கும்.