ஒரு பைசா ஏறவில்லை

அண்ணனை நினைத்தால் எனக்கு முதலில் காதில் விழுவது அந்த ஞாயிற்றுக்கிழமைச் சிரிப்புதான். பெங்களூர் லிங்கராஜபுரத்தில் எங்கள் வீட்டில் மதியச் சாப்பாடு. கோழிக்குழம்பு கொஞ்சம் காரமாகிப்போய் எல்லோரும் மூக்கை உறிஞ்சிக்கொண்டு சாப்பிட்டோம். டி.வி.யில் வீட்டுக்கடன் வட்டி மறுபடியும் ஏறுகிறது என்று செய்தி ஓடியது. என் வீட்டுக்காரர் "லோன் வாங்கினவங்க பாடு திண்டாட்டம்தான்" என்றார். அண்ணன் எலும்பைத் தட்டில் போட்டுவிட்டு அப்படி ஒரு சிரிப்பு சிரித்தார். "எனக்கு ஒரு பைசா ஏறலம்மா. பேங்க்காரன் என்ன மறந்துட்டான் போலக்கீது. நம்ம போயி எதுக்கு ஞாபகப்படுத்தணும்?" எல்லோரும் சிரித்தோம். அதற்கடுத்த வருடங்களில் வட்டி ஏறிய போதெல்லாம் அண்ணன் இதே பேச்சைப் பேசினார், நாங்களும் இதே மாதிரி சிரித்தோம். இப்போது நினைத்தால் பற்றிக்கொண்டு வருகிறது.

அண்ணன் அப்பாவி என்று யாரும் முடிவு கட்டிவிடக் கூடாது. வைட்ஃபீல்டில் ஒரு பெரிய ஆபீஸ் வளாகத்தில் ஏசி, ஜெனரேட்டர், லிஃப்ட் எல்லாவற்றையும் பார்த்துக்கொள்ளும் சூப்பர்வைசர் அவர். ஜெனரேட்டர் ஓடுகிற சத்தத்தை வைத்தே எங்கே கோளாறு என்று சொல்லிவிடுவார். அப்படிப்பட்ட மனிதர் எப்படி ஏமாந்தார் என்று பல நாள் யோசித்திருக்கிறேன். யோசித்து யோசித்து நான் கண்டது, அது எங்கள் குடும்பத்து மனுஷர்கள் மட்டுமே செய்யக்கூடிய தப்பு என்பதுதான். அதற்குக் காரணம் போக்கியம்.

நாங்கள் ஸ்ரீராம்புரத்துக்காரர்கள். அப்பாவுக்கு மாநகராட்சியில் வேலை. எங்களுக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து போக்கியத்து வீடுகளில்தான் இருந்தோம். பெங்களூர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை, மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். ஒரு தொகையை மொத்தமாக வீட்டுக்காரரிடம் கொடுத்துவிட்டுக் குடிபோக வேண்டும். மாத வாடகை கிடையாது. காலி பண்ணும்போது அதே தொகை குறையாமல் கைக்கு வரும். இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறை வீட்டுக்காரர் வந்து நாற்காலியில் உட்கார்ந்தால் நாங்கள் கதவோரம் போய் நின்றுவிடுவோம். தொகையை ஏற்றிக் கேட்கப்போகிறார் என்று அர்த்தம். அவர் போன பிறகு அம்மா கேட்பது ஒரே ஒரு கேள்வி: "ஏத்துறானா?" அப்பா இல்லை என்று தலையாட்டினால் அன்றைக்கு வீட்டில் பாயசம். எத்தனை வருடத்துக்கு என்று அம்மா ஒருநாளும் கேட்டதில்லை. கேட்க வேண்டிய அவசியமும் இல்லை, எத்தனை வருடம் இருந்தாலும் போட்ட பணம் போட்டபடி இருக்கும். தொகை ஏறாத வரைக்கும் எல்லாம் சுகம் என்பது எங்கள் ரத்தத்திலேயே ஊறிப்போன கணக்கு.

அந்தக் கணக்கோடுதான் அண்ணன் பேங்குக்குப் போனார். சொந்த வீடு அண்ணியின் ஆசை. போக்கியத்து வீட்டில் ஒரு காலண்டர் மாட்ட ஆணி அடித்ததற்கு வீட்டுக்காரம்மா கத்திய கத்தலை அண்ணி இன்றுவரை மன்னிக்கவில்லை. வைட்ஃபீல்டும் தாண்டி, அப்போது பஸ்கூட ஒழுங்காகப் போகாத இடத்தில், இரண்டு படுக்கையறை ஃப்ளாட். அப்பாவின் போக்கியப் பணமும் அண்ணியின் நகையும் முன்பணமாகப் போயின. பாக்கி இருபத்தைந்து லட்சம் கடன், இருபது வருடம், மாதத் தவணை இருபத்து மூவாயிரத்துச் சொச்சம். அப்போது அண்ணனுக்கு வயது முப்பத்தெட்டு. கிரகப்பிரவேசத்தன்று பால் பொங்கி முடிந்ததும் என்னைப் பால்கனிக்குக் கூட்டிப்போய்ச் சொன்னார்: "ஐம்பத்தெட்டுல கம்பெனிக்காரன் என்ன வெளிய அனுப்புவான். அதே வருஷம் பேங்க்காரன் பத்திரத்தக் கையில குடுப்பான். ரெண்டும் பராபரா ஒண்ணா வருது பாரு." அப்புறம் என்ன செய்வாய் என்று கேட்டேன். "ஒண்ணும் பண்ணமாட்டேன். இங்க ஒரு சேர் போட்டு உக்காந்துப்பேன். எவன் வந்து கேட்டாலும் எழுந்திருக்க மாட்டேன்."

இதைத்தான் அவர் வாழ்க்கை முழுக்க வேண்டினார். ஊர் சுற்ற ஆசை இல்லை, கார் ஆசை இல்லை, கடை வைக்கும் திட்டம்கூட இல்லை. சொந்த வீட்டில் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். அதற்காக இரவு ஷிப்ட், பண்டிகை நாளில் மற்றவர்களுக்குப் பதிலாக ஷிப்ட், எல்லாம் பார்த்தார். முழங்கால் வலிக்கு டாக்டர் ஏதோ சிகிச்சை சொன்னபோது, லோன் முடியட்டும் என்றார். அண்ணி திருப்பதிக்குப் போகலாம் என்றபோதும் அதே பதில். எங்கள் வீட்டில் இது ஒரு கேலியாகவே ஆகிவிட்டது. குழம்பில் உப்பு குறைந்தால்கூட என் பிள்ளைகள் "மாமா லோன் முடிஞ்சதும் போடலாம்மா" என்பார்கள்.

பன்னிரண்டு வருடம் இப்படிப் போயிற்று. அண்ணனுக்கு ஐம்பது வயதான வருடம் சீட்டுப் பணம் கொஞ்சம் வந்தது. அதைக் கடனில் போட்டு சில மாதமாவது முன்னால் முடிக்கலாம் என்று அவருக்கு ஒரே குஷி. அன்றைக்கு எனக்கு லேபில் விடுமுறை. நான் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்ப்பவள், பேங்க் விஷயத்தில் நானும் பூஜ்யம்தான். இருந்தாலும் துணைக்குப் போனேன். அங்கே இருந்த அதிகாரி சின்னப் பெண். மரியாதையாக உட்காரச் சொன்னாள். கணினியைப் பார்த்துவிட்டு, "சார், இன்னும் பன்னிரண்டரை வருஷம் இருக்கு" என்று ஆங்கிலமும் தமிழும் கலந்து சொன்னாள்.

அண்ணன் சிரித்தார். "வேற யாரோட அக்கவுண்டோ பாக்கறீங்க மேடம். இருபதுல பன்னெண்டு போனா எட்டு."

அவள் பெயரைப் படித்துக் காட்டினாள். அண்ணன் பெயர்தான். பிறகு பொறுமையாக விளக்கினாள். வட்டி ஏறும்போதெல்லாம் தவணைத் தொகையை ஏற்றினால் மக்களுக்குக் கஷ்டம், அதனால் தொகையை அப்படியே வைத்துவிட்டு வருடத்தை நீட்டிவிடுவார்கள். தானாகவே நடந்துவிடும். அப்படியானால் வட்டி குறைந்தபோது வருடமும் குறைந்திருக்க வேண்டுமே என்று நான் கேட்டேன். குறைந்த வட்டி புதிதாகக் கடன் வாங்குபவர்களுக்கு, பழையவர்கள் எழுதிக் கொடுத்துக் கட்டணம் கட்டினால்தான் மாற்றித் தருவார்கள் என்றாள். ஏறுவது மட்டும் தானாக ஏறுமாம், இறங்குவதற்கு நாம் போய் நிற்க வேண்டுமாம். என்ன நியாயம் இது! என் குரல் உயர்ந்ததும் அவள் கன்னடத்துக்கு மாறினாள். "நீவு பந்து கேளித்ரே மாடிகொட்தித்வி, சார்." நீங்கள் வந்து கேட்டிருந்தால் செய்து கொடுத்திருப்போம் என்கிறாள். எதைக் கேட்பது? கேட்க வேண்டும் என்று ஒன்று இருப்பதே தெரியாதவன் எதை வந்து கேட்பான்?

எனக்கு இன்றுவரை ஆறாதது இதற்குப் பிறகு நடந்தது. அண்ணன் நாற்காலியிலிருந்து எழுந்து, "சாரி மேடம், எனக்குத் தெரியாம போச்சு" என்றார். வாழ்க்கையில் நாலரை வருடத்தைப் பறிகொடுத்தவர் மன்னிப்புக் கேட்கிறார்! எனக்கு வந்த கோபத்தில் அந்தக் கணினியைத் தூக்கிப் போட்டிருப்பேன். "நீ எதுக்குண்ணா சாரி சொல்ற? உனக்கு மானம் ரோஷம் இல்ல?" என்று எல்லோர் முன்னாலும் கத்தினேன். அவர் என் தோளைப் பிடித்து வெளியே கூட்டிவந்துவிட்டார்.

பஸ் ஸ்டாப்பில் நின்றுகொண்டு போனில் கணக்குப் போட்டேன். இருபத்தைந்து லட்சம் கடனுக்கு அதுவரை முப்பத்து மூன்று லட்சம் கட்டியாயிற்று, அசலில் பாக்கி இருபது லட்சம். இனி கட்ட வேண்டியதையும் சேர்த்தால் அறுபத்தெட்டு லட்சத்தைத் தாண்டுகிறது. முதல் மாதம் கட்டிய இருபத்து மூவாயிரத்தில் கடனில் கழிந்தது மூவாயிரத்துச் சொச்சம்தானாம், மீதியெல்லாம் வட்டி. இது எதுவும் ரகசியம் இல்லை, யாரும் எங்களிடம் பொய் சொல்லவும் இல்லை. கையெழுத்துப் போட்ட காகிதக் கட்டில் எல்லாம் இருந்திருக்கும். பொய் சொல்லியிருந்தால்கூடச் சட்டையைப் பிடித்திருக்கலாம். அண்ணன் என் போனை எட்டிப் பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னார்: "தொகை ஏறலியேன்னுதாம்மா பாத்துக்கினு இருந்தேன். வருஷம் ஏறும்னு யாருக்குத் தெரியும்?"

அண்ணியிடம் சொன்னபோது அண்ணி அழவில்லை. "பன்னெண்டு வருஷத்துல ஒரு தடவ போயி கேக்கத் தோணலயா உங்களுக்கு?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்டுவிட்டு சமையலறைக்குப் போய்விட்டார். எட்டு வருடத்தில் முடிக்க வேண்டுமென்றால் தவணையோடு மாதம் ஏழாயிரம் கூடக் கட்ட வேண்டும். அண்ணன் மகள் கல்லூரியில் சேர்ந்திருந்த நேரம், அந்த ஏழாயிரம் எங்கிருந்து வரும்? வீட்டை விற்றுவிடலாம் என்று நான் சொன்னேன். "வித்துட்டு எங்க போவோம், திரும்பவும் போக்கியத்துக்கா?" என்று அண்ணி என்மேல் பாய்ந்தார். சீட்டுப் பணத்தைக் கடனில் போட்டதில் ஒன்றரை வருடம் போல் குறைந்தது. கட்டணம் கட்டிக் குறைந்த வட்டிக்கும் மாறினார். அப்புறம் வட்டி மறுபடி ஏறி, குறைந்ததில் பாதியைத் தின்றுவிட்டது. அதற்குள் மகள் கல்யாணம் வந்தது, பி.எஃப். பணத்தில் பெரும்பகுதி அதற்குப் போயிற்று. ஒவ்வொரு செலவும் நியாயமான செலவுதான். அதுதான் எரிச்சலே. யார்மேல் கோபப்படுவது என்று தெரியாமல் நான் பல நாள் அண்ணன்மேலேயே எரிந்து விழுந்திருக்கிறேன்.

இந்த வருடம் அண்ணனுக்கு ஐம்பத்தெட்டு முடிந்தது. கம்பெனியில் சால்வை போட்டார்கள், கேக் வெட்டினார்கள், ஒரு சுவர்க்கடிகாரமும் கொடுத்தார்கள். கடன் இன்னும் மூன்று வருடத்துக்கு மேல் பாக்கி. அடுத்த திங்கட்கிழமை அதே வளாகத்துக்கு, அதே கேட் வழியாக, காண்ட்ராக்டரின் ஆளாக அண்ணன் வேலைக்குப் போனார். பாதிச் சம்பளம், வேறு நிறச் சட்டை. முன்பு இவருக்குக் கீழே இருந்தவர்தான் இப்போது இவருக்கு ஷிப்ட் போடுகிறார்.

போன வாரம் வைட்ஃபீல்டில் எனக்கு ஒரு வேலை இருந்தது. மெட்ரோவில் இறங்கி அண்ணனைப் பார்க்கப் போனேன். மதிய ஷிப்டுக்கு முன்னால் கேட்டுக்கு எதிரே டீ குடித்துக்கொண்டிருந்தோம். அண்ணனுக்குத் தெரிந்த ஓர் இன்ஜினியர்ப் பையன், சேலத்துப் பக்கம், வண்டியை நிறுத்திவிட்டு வந்தான். "என்ன சார், அன்னைக்குத்தான கேக் வெட்டினோம்? வீட்ல இருக்க முடியலையா?" என்று சிரித்தான்.

"ஆமாம்பா. வீட்ல சும்மா உக்காந்தா பேஜாரா இருக்குது" என்றார் அண்ணன். ஒரு முழு வாரம் சும்மா உட்கார்ந்து பார்த்திருந்தால் அல்லவா பேஜாரா இல்லையா என்று தெரியும்!

"உங்களுக்கென்ன சார், சொந்த வீடு. நானும் இப்பதான் ஒரு ஃப்ளாட் புக் பண்ணேன். லோன் ஓகே ஆயிடுச்சு" என்றான் அவன்.

அண்ணன் டீ கிளாஸைக் கீழே வைத்தார். "எத்தினி வருஷம்?"

"இ.எம்.ஐ. முப்பத்தஞ்சாயிரம் சார். ஏறாதுன்னு சொல்லியிருக்காங்க."

"அத கேக்கலப்பா. எத்தினி வருஷம்?"

"அது இருபதோ இருபத்தஞ்சோ சார், சரியா ஞாபகம் இல்ல. பேங்க்ல பாத்துக்குவாங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போகத் திரும்பினான்.

அண்ணன் அவன் மணிக்கட்டைப் பிடித்தார். "உள்ள போகாத. இங்கயே நின்னு போன் போட்டுக் கேளு. வட்டி ஏறினா வருஷத்த ஏத்துவியா, தொகைய ஏத்துவியான்னு கேளு." பையன் விளையாட்டு என்று நினைத்துச் சிரித்தான். பிறகு அண்ணன் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினான். ஷிப்டுக்கு நேரமாகிவிட்டது, கேட்டிலிருந்து யாரோ அண்ணனைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள். அண்ணன் கையை விடவில்லை.