முதலாம் தரத்துக்கு ஒரு நீதிமன்ற உத்தரவு

இந்த நேரத்தில் பதிவு போடுவதற்கு மன்னியுங்கள். மகள் இப்போதுதான் தூங்கினாள்.

முதலாம் தரத்தில் சேர்க்க மறுத்த பாடசாலையிலேயே அவளைச் சேர்க்கும்படி நீதிமன்றம் கொடுத்த கெடு நேற்றோடு முடிந்துவிட்டது. இன்று உத்தரவின் பிரதியோடு மூன்றாவது தடவையாகக் கல்வி அலுவலகத்துக்குப் போனேன்.

அங்கு கோப்புகளைப் பார்க்கும் எழுதுவினைஞர் நம் ஆள்தான். கதிரையை இழுத்துப் போட்டு உட்காரச் சொன்னார்.

"உத்தரவு வந்திருச்சு தங்கச்சி. ஆனா சுற்றுநிருபம் வரல்லயே. மேல இருந்து கடிதம் வராம எப்படிச் சேர்க்கிறது?"

"கோர்ட்டுக்கும் மேல யாருங்க இருக்காங்க?"

சிரித்தார். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"லோயர் கோர்ட் அவமதிப்பு வழக்குப் போடச் சொல்லுவாரு. போட்டா ஜெயிப்பீங்க. ஆனா அதிபரைக் கூண்டுல ஏத்திட்டு, அவரு ஸ்கூலுக்குத்தானே பிள்ளைய பதிமூணு வருஷம் அனுப்பப் போறீங்க?"

மிரட்டலாகச் சொல்லவில்லை. அக்கறையோடுதான் சொன்னார். அதனால்தான் பேராதனை பஸ்ஸில் வீடு வரும்வரை அவர் சொன்னதையே திரும்பத் திரும்ப யோசித்துக்கொண்டு வந்தேன்.

வெள்ளைச் சீருடை தைத்து அலுமாரியில் தொங்குகிறது. அவளைச் சேர்க்க வேண்டும் என்று உத்தரவில் இருக்கிறது. வகுப்பில் அவளை எப்படி நடத்துவார்கள் என்று அதில் எந்தப் பக்கத்திலும் இல்லை.

காலையில் லோயருக்குப் பதில் சொல்லியாக வேண்டும். அவமதிப்பு வழக்குப் போட்டுவிட்டு அதே பாடசாலைக்குப் பிள்ளையை அனுப்பியவர்கள் யாராவது இருந்தால், தயவுசெய்து சீக்கிரம் பதில் எழுதுங்கள்.